பிரீக்கு வந்த கடிதங்கள்: 2006ஆம் ஆண்டின் ஒரு யூடியூப் நிகழ்வு

எந்த நிகழ்வு

2006 ஜூன் மாதம், பிரீ என்ற 16 வயதுப் பெண் தன் படுக்கையறையில் உட்கார்ந்தபடி யூடியூபில் பேசத் தொடங்கினாள். சேனலின் பெயர் லோன்லிகேர்ள்15. கோடை முடிவதற்குள் லட்சக்கணக்கானோர் அவளைப் பார்க்க ஆரம்பித்திருந்தார்கள். செப்டம்பர் இரண்டாம் வாரத்தில் உண்மை வெளியே வந்தது. பிரீ ஒரு கற்பனைப் பாத்திரம். நடித்தவர் 19 வயதான ஒரு நடிகை. பின்னால் இருந்தவர்கள் லாஸ் ஏஞ்சல்ஸைச் சேர்ந்த சில இளைஞர்கள்.

இந்த நிகழ்வைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே கேள்வியில் நின்றுவிடுகிறார்கள்: கதையை உண்மை போலக் காட்டியது சரியா, தப்பா? எனக்கு அதைவிட முக்கியமாகத் தோன்றுவது வேறு. பார்த்தவர்கள் பிரீக்குத் தனியாகக் கடிதம் எழுதினார்கள், பிரீயின் பெயரில் அவர்களுக்குப் பதிலும் போனது. சிக்கலின் வேர் அந்தப் பதில்களில்தான் இருக்கிறது என்பது என் கருத்து. யூடியூபிலோ இன்ஸ்டாகிராமிலோ ஒரு பாத்திரத்தை உருவாக்கி நடத்துகிறவர்கள் இன்று தமிழிலும் நிறையப் பேர் இருப்பதால் இதை விரிவாகப் பதிவு செய்கிறேன். சம்பந்தப்பட்டவர்களின் பெயர்கள் அப்போதே செய்திகளில் வந்தவைதான். இங்கே அவை தேவைப்படவில்லை.

பின்னணி

2006ஐக் கொஞ்சம் நினைவில் கொண்டுவர வேண்டும். யூடியூபில் முதல் வீடியோ ஏறியது 2005 ஏப்ரல் 23 அன்று. 2006 ஜூலையில் அங்கே ஒரு நாளைக்குப் பத்து கோடி முறை வீடியோக்கள் பார்க்கப்பட்டன. கூகுள் அதை 165 கோடி டாலருக்கு வாங்கப்போவதாக அறிவித்தது அதே ஆண்டு அக்டோபரில். அமெரிக்க இளைஞர்கள் மொய்த்துக்கிடந்த இடம் மைஸ்பேஸ் என்ற சமூக வலைத்தளம். யூடியூபில் சம்பாதிக்க வழி இன்னும் பிறக்கவில்லை. வீடியோ போடுகிறவர்கள் ஆசைக்காகப் போட்டார்கள். அதனால் வெப்கேமரா முன்னால் ஒருவர் தனியாக உட்கார்ந்து பேசினால், அவர் சொல்வதெல்லாம் உண்மை என்று எடுத்துக்கொள்வதே பார்ப்பவர்களின் வழக்கமாக இருந்தது. அந்த வடிவத்தில் யாரும் அதுவரை பெரிய அளவில் கதை சொல்லிப் பார்க்கவில்லை.

இந்த வழக்கத்தைக் கவனித்தவர்கள் இரண்டு பேர். ஒருவர் அறுவை சிகிச்சைப் பயிற்சியைப் பாதியில் விட்டுவிட்டு வந்த மருத்துவர். மற்றவர் திரைக்கதை எழுதிக்கொண்டிருந்தவர். 2006 வசந்த காலத்தில் ஒரு விருந்தில் சந்தித்தார்கள், பேச்சுவாக்கில் யோசனை பிறந்தது. நாட்குறிப்பு போல வீடியோ போடும் ஒரு பெண், மெல்ல மெல்ல மர்மமாக மாறும் அவள் வீடு, கடைசியில் அவள் காணாமல் போவது. அதைத் தொடர்ந்து ஒரு திரைப்படம் எடுக்கலாம் என்பது தொடக்கத் திட்டம். மூன்றாவதாக ஒரு வழக்கறிஞர் சேர்ந்தார். சட்டப்படி ஏதாவது வம்பு வருமா என்று பார்ப்பது அவர் வேலை.

தொடக்க முடிவுகள்

முதல் முடிவு, படமாக்கும் முறை பற்றியது. 130 டாலர் வெப்கேமரா, இரண்டு மேசை விளக்குகள் (அதில் ஒன்று உடைந்தது), திறந்த ஜன்னல். படப்பிடிப்புத் தளம் குழுவில் ஒருவரின் சொந்தப் படுக்கையறை. பணமும் இல்லை, இருந்திருந்தாலும் செலவழித்தால் குட்டு உடைந்துவிடும். நல்ல ஒளியமைப்பு போட்டிருந்தால் முதல் வாரத்திலேயே மாட்டியிருப்பார்கள்.

இரண்டாவது, நடிகையைத் தேர்ந்தெடுத்தது. இணைய விளம்பரம் மூலம் குறைந்த பொருட்செலவில் எடுக்கும் ஒரு படத்துக்கு ஆள் எடுப்பதுபோல ஆடிஷன் நடத்தினார்கள். தேர்வானவர் நியூசிலாந்தில் வளர்ந்து, லாஸ் ஏஞ்சல்ஸில் நடிப்புப் படிப்பை முடித்திருந்தவர். இது சினிமா இல்லை, இணையத்துக்கு எடுக்கிறோம், வெளியே சொல்லக்கூடாது என்று கேட்டதும் அவர் பயந்தார், ஆபாசப் படம் எடுக்கிற கூட்டமோ என்று சந்தேகப்பட்டார். விளக்கிச் சொன்ன பிறகே ஒப்புக்கொண்டார். தொடக்கத்தில் சம்பளம் கிடையாது. இந்த ஏற்பாட்டில் அதிக ஆபத்தைச் சுமந்தவர் அவர்தான். முகம் அவருடையது. தன் பெயரில் பேசும் உரிமையை அவர் தற்காலிகமாக விட்டுக்கொடுத்திருந்தார்.

மூன்றாவது, வெளியிடும் முறை. வெறுமனே வீடியோவை ஏற்றிவிட்டுக் காத்திருக்கவில்லை. அப்போது யூடியூபில் பிரபலமாக இருந்தவர்களின் பெயரைச் சொல்லி, அவர்களுடைய வீடியோக்களுக்குப் பதில் சொல்வது போலத் தொடங்கினார்கள். புது ஊருக்குக் குடிவந்தவர் அக்கம்பக்கத்தாரிடம் போய்ப் பேச்சுக் கொடுப்பது மாதிரி, பிரீ அந்தச் சின்ன உலகத்துக்குள் நுழைந்தாள். ஜூன் 16 அன்று அவளுடைய முதல் நாட்குறிப்பு வீடியோ வந்தது. வீட்டிலேயே படிக்கும் பெண், கண்டிப்பான மத நம்பிக்கை உள்ள பெற்றோர், டேனியல் என்ற ஒரே நண்பன். அவன்தான் வீடியோக்களை வெட்டி ஒட்டித் தருகிறான். எடிட்டிங் கொஞ்சம் நன்றாக இருப்பதற்கான காரணம் இப்படிக் கதைக்குள்ளேயே வந்துவிட்டது. கெட்டிக்காரத்தனமான ஏற்பாடு.

ஜூலை 4

முதல் சில வாரங்கள் சுமாராகப் போயின. ஜூலை 4 அன்று, டேனியலோடு வெளியே போகப் பெற்றோர் விடவில்லை என்று பிரீ அழாக்குறையாகப் புலம்பும் வீடியோ வந்தது. இரண்டு நாளில் சுமார் ஐந்து லட்சம் முறை அதைப் பார்த்திருந்தார்கள்.

ஏன் அந்த வீடியோ? அதுவரை வந்தவை வேடிக்கையும் அறிவியல் பேச்சும் பொம்மைகளுமாக இருந்தன. ரசிக்கலாம், ஆனால் பார்ப்பவர் செய்ய எதுவும் இல்லை. ஜூலை 4 வீடியோவில் ஒரு பெண்ணுக்குக் கஷ்டம் வந்திருக்கிறது, அவளுக்கு ஆறுதல் சொல்லலாம், அறிவுரை சொல்லலாம், அவள் பெற்றோரைத் திட்டலாம். கமென்ட்டுகள் குவிந்தன. டேனியல் அவளைக் காதலிக்கிறான், அவளுக்குத்தான் அது தெரியவில்லை என்று பார்த்தவர்களே எழுதினார்கள். குழு அதையெல்லாம் படித்துக் கதையை அந்தப் பக்கம் திருப்பியது. பார்வையாளர் சொல்வது அடுத்த சில நாட்களில் திரையில் நடப்பது தொலைக்காட்சியில் கிடைக்காத அனுபவம். இந்தப் படைப்பின் உண்மையான புதுமை அதுதான் என்று சொல்வேன். இளைஞர்கள் அவளை விடாமல் பின்தொடர்ந்ததற்கு அவள் முகத்தைவிட இதுவே பெரிய காரணம்.

கடிதங்கள்

கமென்ட்டுகளோடு தனிச் செய்திகளும் மின்னஞ்சல்களும் வந்தன. அவற்றுக்கு யார் பதில் எழுதுவது? தொடக்கத்தில் குழுவினரே எழுதினார்கள். எண்ணிக்கை கூடியதும் அந்தப் பொறுப்பு வழக்கறிஞரின் மனைவியிடம் போனது. பதின்ம வயதுப் பெண்ணின் குரல் அவருக்கு இயல்பாக வந்தது. அவர் பிரீயாகவே எழுதினார்.

பதில் எழுதியதற்கு அவர்கள் பக்கத்தில் நல்ல காரணங்கள் இருந்தன. அன்றைய யூடியூபில் வீடியோ போடுகிறவரும் பார்க்கிறவரும் பேசிக்கொள்வது வழக்கம். பிரீ மட்டும் யாருக்கும் பதில் சொல்லாமல் இருந்தால் சந்தேகம் வரும். அதோடு, எழுதியவர்கள் அன்போடு எழுதினார்கள். பதில் போடாமல் விடுவது அவர்களை அவமதிப்பது போலத் தோன்றியிருக்கலாம். யாரிடமும் பணம் கேட்கவில்லை. தீய நோக்கம் எதையும் நான் இதில் பார்க்கவில்லை.

ஆனால் வீடியோவும் கடிதமும் ஒன்றல்ல. வீடியோ எல்லோருக்குமானது. பார்ப்பவர் நம்பலாம், சந்தேகப்படலாம், பத்துப் பேரோடு சேர்ந்து விவாதிக்கலாம். தனிக் கடிதம் ஒருவருக்கு மட்டும் வருகிறது. வீட்டில் யாரும் தன்னைப் புரிந்துகொள்ளவில்லை என்று எழுதுகிற ஒரு பையனோ பெண்ணோ, அதைத் தன்னைப் போன்ற இன்னொரு பிள்ளையிடம் சொல்வதாக நினைத்துச் சொல்கிறார். படிப்பவர் வளர்ந்த ஒருவர், எழுதுகிறவருக்கு அது தெரியாது. பதிலாக வரும் ஆறுதல் எவ்வளவு நல்ல மனசோடு எழுதப்பட்டாலும், அதைப் பெறுகிறவர் சம்மதிக்காத ஒரு நாடகத்தில் அவரை நடிக்க வைக்கிறது. மனைவியின் பெயரில் எழுதிப் பெரும்புகழ் பெற்ற எழுத்தாளரைத் தமிழ் வாசகர்கள் அறிவார்கள். கதைக்கு மேலே எந்தப் பெயர் இருந்தாலும் யாருக்கும் நஷ்டமில்லை. வாசகி ஒருவர் அந்தப் பெயரை நம்பித் தன் வீட்டுத் துயரத்தை எழுதி அனுப்பும்போது நிலைமை வேறு.

குழுவினர் இந்த வேறுபாட்டைத் தனியாக உட்கார்ந்து யோசித்ததற்கான அடையாளம் அவர்களுடைய பிற்காலப் பேட்டிகளில் எனக்குத் தென்படவில்லை. கதையைத் தொடர்வதில் ஒரு பகுதியாகவே கடிதங்களும் பார்க்கப்பட்டிருக்கின்றன.

ரசிகர்களின் துப்பு

சந்தேகம் தொடக்கத்திலேயே இருந்தது. ஒளி சீராக இருக்கிறது, வெட்டுகள் சரியான இடத்தில் விழுகின்றன, ஒவ்வொரு வீடியோவும் அடுத்ததற்கு ஒரு முடிச்சு போட்டு முடிகிறது என்று கவனித்தவர்கள் எழுதினார்கள். அறைச் சுவரில் அலெய்ஸ்டர் குரோலி என்ற ஆங்கிலேய மாந்திரீகவாதியின் படம் இருந்ததை ஒருவர் கண்டுபிடிக்க, பக்தியுள்ள குடும்பத்தில் இந்தப் படம் எதற்கு என்று அடுத்த விவாதம் கிளம்பியது. இது கதைக்காகவே வைத்த துப்பு.

கதைக்கு வெளியே கிடைத்த துப்புகள் வேறு ரகம். சேனலின் பெயரில் உள்ள இணைய முகவரி மே மாதமே பதிவாகியிருந்தது, முதல் நாட்குறிப்பு வீடியோவுக்கு ஒரு மாதம் முன்னால். ஒரு சாதாரணப் பள்ளிப் பெண் பிரபலமாவதற்கு முன்பே தன் பெயரில் இணைய முகவரி வாங்கி வைப்பாளா? அப்புறம், லோன்லிகேர்ள்15 என்ற பெயருக்கு வணிகக்குறி கேட்டு ஆகஸ்டில் ஒரு விண்ணப்பம் போயிருந்தது. விண்ணப்பித்தவர் கலிபோர்னியாவின் என்சினோ பகுதியைச் சேர்ந்த ஒரு வழக்கறிஞர். அரசின் பதிவேட்டில் யார் வேண்டுமானாலும் பார்க்கக்கூடிய தகவல் அது. பெயரைக் காப்பாற்ற எடுத்த முன்னெச்சரிக்கையே ரகசியத்தை உடைக்கும் ஆதாரமாக ஆனது.

கடைசி அடியை மூன்று ரசிகர்கள் கொடுத்தார்கள். மைஸ்பேஸ் வழியாகப் பிரீயைத் தொடர்புகொண்டு, திறப்பவரின் ஐபி முகவரியை, அதாவது அவர் எந்த இணைய இணைப்பிலிருந்து பார்க்கிறார் என்று காட்டும் எண்ணை, பதிவு செய்யும் ஏற்பாட்டோடு ஒரு செய்தி அனுப்பினார்கள். பிரீ அதைத் திறந்தாள். வந்த முகவரி பெவர்லி ஹில்ஸில் இருந்த கிரியேட்டிவ் ஆர்ட்டிஸ்ட்ஸ் ஏஜென்சியைக் காட்டியது. ஹாலிவுட்டின் மிகப் பெரிய நடிகர்களுக்கு வாய்ப்புப் பேசித் தரும் நிறுவனம் அது. பிரீயாகப் பதில் எழுதிக்கொண்டிருந்தவர் அங்கே வேலை பார்த்தவர். அலுவலகக் கணினியிலிருந்து கடிதங்களைப் பார்த்திருக்கிறார்.

விளைவைக் கவனியுங்கள். ஒரு படுக்கையறையில், உடைந்த மேசை விளக்கோடு மூன்று நான்கு பேர் செய்த வேலை, ஒரு ராட்சத நிறுவனம் இளைஞர்களை ஏமாற்றத் திட்டமிட்டுச் செய்த விளம்பரம் போலத் தோற்றம் கொண்டது. ஏதோ படத்துக்கான விளம்பரம் என்று பலர் முடிவே கட்டிவிட்டார்கள். ஆக, நம்பிக்கையை வளர்த்த அதே கடிதங்கள்தான் குழுவைக் காட்டியும் கொடுத்தன, பொருந்தாத பழியையும் அவர்கள் மேல் சேர்த்தன.

செப்டம்பர் இரண்டாம் வாரம்

செப்டம்பர் 7 அன்று குழுவினர் பெயர் சொல்லாமல், படைப்பாளிகள் என்ற கையெழுத்தோடு ரசிகர்களுக்கு ஒரு கடிதம் வெளியிட்டார்கள். இது ஒரு புதிய கலை வடிவத்தின் பிறப்பு என்றும், தாங்கள் பெரிய நிறுவனம் எதுவும் இல்லை, உங்களைப் போன்றவர்கள்தான் என்றும் சொன்னார்கள். பிரீ யார் என்ற கேள்விக்கு நேராகப் பதில் இல்லை. நாம் ஒவ்வொருவரும் பிறருக்குக் காட்டும், மறைக்கும் முகங்களைவிட அவள் உண்மையானவளும் அல்ல, கற்பனையானவளும் அல்ல என்கிற பொருளில் ஒரு விளக்கம் வந்தது.

அழகான வாக்கியம்தான். ஆனால் அன்று அது போதவில்லை. பிரீயிடம் கடிதம் பெற்றவருக்குத் தேவைப்பட்ட தகவல் ஒன்றே ஒன்று: எனக்கு எழுதியது யார்? அதை அந்தக் கடிதம் சொல்லவில்லை.

மௌனம் அதிக நாள் நீடிக்கவும் இல்லை. நடிகையின் பழைய மைஸ்பேஸ் பக்கம் பார்வையிலிருந்து அகற்றப்பட்டிருந்தது. ஆனால் கூகுள் சேமித்து வைத்திருந்த நகல் அப்படியே இருந்தது. 18 வயது இளைஞர் ஒருவர் அதைத் தேடி எடுத்தார். செப்டம்பர் 12, 13 தேதிகளில் நடிகையின் பெயரும் குழுவினரின் பெயர்களும் அமெரிக்கப் பத்திரிகைகளில் வந்துவிட்டன. உண்மையைத் தாங்களே சொல்லும் வாய்ப்பு அவர்கள் கையை விட்டுப் போனது.

அதற்குப் பின்

ஏமாந்துவிட்டோம் என்று கோபப்பட்டவர்கள் இருந்தார்கள். சரி, கதைதானே, நன்றாக இருக்கிறது, தொடரட்டும் என்றவர்களும் நிறைய இருந்தார்கள். தொடர் நிற்கவில்லை. சில வாரங்களில், வறுமைக்கு எதிரான ஐக்கிய நாடுகள் பிரச்சாரம் ஒன்றுக்காகவும் அந்த நடிகை பிரீயின் பாணியிலேயே ஒரு வீடியோவில் தோன்றினார்.

2007இல் சூயிங்கம் நிறுவனம் ஒன்றும் முகப்பூச்சு நிறுவனம் ஒன்றும் தங்கள் பொருளைக் கதைக்குள் வைக்கப் பணம் கொடுத்தன. அதே ஆண்டு மே மாதம் யூடியூப் விளம்பர வருமானத்தைப் பகிர்ந்துகொள்ளத் தொடங்கியபோது, முதலில் சேர்க்கப்பட்ட சில சேனல்களில் இதுவும் ஒன்று. 2007 ஆகஸ்ட் 3 அன்று, 12 மணி நேரத்தில் 12 வீடியோக்களாக வந்த முதல் பருவ முடிவில் பிரீ இறந்தாள். மற்ற பாத்திரங்களோடு தொடர் 2008 ஆகஸ்ட் 1 வரை ஓடியது.

இந்த ஆய்வுக்கு இவற்றைவிட முக்கியமான ஒரு விளைவு உண்டு. 2007 ஜூலையில் பீபோ என்ற சமூக வலைத்தளத்தில் இதே குழு கேட்மாடர்ன் என்ற லண்டன் கதையைத் தொடங்கியது. இம்முறை கற்பனைத் தொடர் என்று முதலிலேயே அறிவித்தார்கள். பாத்திரங்களுக்கு அந்தத் தளத்தில் சொந்தப் பக்கங்கள் இருந்தன, பார்ப்பவர்கள் அவற்றில் எழுதலாம். எழுதினார்கள். கதை என்று தெரிந்ததால் யாரும் எழுதாமல் போய்விடவில்லை. 2006இல் ரகசியத்தைக் கட்டிக்காத்ததற்குச் சொல்லப்பட்ட முக்கியமான நியாயம், தெரிந்தால் ஆர்வம் போய்விடும் என்பது. ஓராண்டுக்குள் அதே குழுவின் அடுத்த வேலையே அதைத் தளர்த்திவிட்டது.

எதை மாற்றலாம்

இன்று இதைப் போன்ற ஒன்றைத் தொடங்குகிறவர், முதல் வீடியோவுக்கு முன்பே கடிதங்களைப் பற்றி முடிவெடுக்க வேண்டும். மற்றதெல்லாம் அதற்குப் பிறகு. பொதுவில் வரும் கமென்ட்டுக்குப் பாத்திரமாகவே பதில் சொல்லலாம். அது விளையாட்டின் ஒரு பகுதி, எல்லோரும் பார்க்க நடக்கிறது. தனிச் செய்திக்குப் பாத்திரத்தின் குரலில் பதில் போகக்கூடாது. தொடரின் பெயரில், இது ஒரு குழு நடத்தும் கணக்கு என்று சொல்லிப் பதில் போடலாம். மர்மம் கொஞ்சம் குறையும். குறையட்டும். எழுதுகிறவர் பிள்ளையாக இருந்தால், தன் வீட்டுக் கஷ்டத்தையோ உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணத்தையோ எழுதினால், அதை யார் படிப்பது, யாரிடம் சேர்ப்பது என்பதும் முதல் நாளே தீர்மானமாகியிருக்க வேண்டும். 2006இல் அப்படி ஒரு ஏற்பாடு இருந்ததாக எந்தப் பதிவிலும் நான் பார்க்கவில்லை.

ரகசியத்துக்கு ஒரு கெடு வேண்டும். ரசிகர்கள் மூன்று மாதத்தில் கண்டுபிடித்தார்கள். இன்றைய தேடல் வசதியில் மூன்று வாரம்கூட ஆகாது. இந்தத் தேதியில் நாங்களே சொல்வோம் என்று குழுவுக்குள் எழுதி வைத்திருந்தால், செப்டம்பர் 7ஆம் தேதிக் கடிதம் ஜூலை மாதமே, நடிகையின் ஒப்புதலோடு, அவர் பெயரோடு வந்திருக்கும். அவரைப் பற்றிய செய்தியை முன்பின் தெரியாத யாரோ தோண்டி எடுக்க வேண்டிய நிலை வந்திருக்காது. முகம் கொடுக்கிறவருக்கு வெளியிடும் நேரத்தில் சொல்லுரிமை இருக்க வேண்டும், சம்பளம் முதல் நாளிலிருந்து இருக்க வேண்டும் என்பதையும் இதோடு சேர்க்கிறேன்.

விளம்பரத்துக்கு இன்று விதிகள் இருக்கின்றன. பணம் வாங்கிக்கொண்டு பொருளைக் காட்டினால் அதைச் சொல்ல வேண்டும் என்று இந்திய விளம்பரத் தர மன்றம் 2021இல் இணையப் பிரபலங்களுக்கு வழிகாட்டுதல் தந்தது, 2023 ஜனவரியில் மத்திய அரசும் தந்தது. ஒரு சூயிங்கம் பற்றி இவ்வளவு கவனம் இருக்கிறது. கற்பனைப் பாத்திரம் ஒரு பிள்ளையின் தனிக் கடிதத்துக்கு எழுதும் பதிலை அந்த விதிகள் தொடுவதில்லை. எனவே, ஒரு பாத்திரத்தை நடத்தும் குழு, கணக்கின் முகப்பு வரியிலேயே இது கற்பனைத் தொடர் என்று எழுதி, தனிச் செய்திப் பெட்டியைத் திறக்கும் அதிகாரத்தைப் பெயர் சொல்லக்கூடிய ஒரே ஒருவரிடம் கொடுத்து, வந்த செய்திகளை வாரம் ஒருமுறை இன்னொருவர் சரிபார்க்கும் ஏற்பாட்டோடு தொடங்குவது நல்லது.